ஒரே ஓர் ஆண்டைத்தான் படிக்கலாம் என்றால், 1961-ஐப் படியுங்கள்

வேலைக்காகப் புதிதாகச் சிங்கப்பூர் வந்திருக்கும் ஒருவர் கேட்டிருக்கிறார்: “இந்த ஊரின் வரலாற்றில் ஒரே ஓர் ஆண்டை உருப்படியாகப் படிக்கத்தான் எனக்கு நேரம் இருக்கிறது. 1965 தானே? மலேசியாவை விட்டுப் பிரிந்த அன்று கையில் ஒன்றுமே இல்லை என்கிறார்கள். அப்புறம் எப்படிப் பிழைத்தார்கள்?” இதில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. எந்த ஆண்டு என்பது ஒன்று. கையில் ஒன்றுமே இல்லை என்பது உண்மையா என்பது இன்னொன்று. இரண்டாவதற்குப் பதில் கிடைத்தால் முதலாவதும் தீர்ந்துவிடும். கையில் நிறையவே இருந்தது. அதில் கணிசமான பகுதி 1961 என்ற ஒரே ஆண்டில் சேர்ந்தது. அதைச் சேர்த்தவர்கள் தனிநாட்டுக்காகச் சேர்க்கவில்லை என்பதுதான் இதில் சுவாரசியம். மலாயாவோடு இணையப் போகிறோம் என்ற கணக்கில் செய்தவை, இணைப்பு முறிந்த பிறகு தனியாக நிற்க உதவின.

என்னைப் பற்றி ஒரு வரி. பள்ளியில் வரலாறு கற்பித்து ஓய்வு பெற்றவன். அந்தக் காலத்துச் சட்டமன்ற விவாதப் பதிவுகளையும் நாளிதழ்களையும் புரட்டிக்கொண்டிருப்பது இன்னும் விடாத பழக்கம். சீன மொழியில் உள்ள சாட்சியங்களை ஆங்கில மொழிபெயர்ப்பின் வழியாகவே படித்திருக்கிறேன். ஆகவே இடதுசாரிகளைப் பற்றி நான் சொல்வதைக் கொஞ்சம் தள்ளுபடியோடு எடுத்துக்கொள்ளுங்கள்.

1961 பிறந்தபோது சிங்கப்பூர் முழுச் சுதந்திரம் பெற்ற நாடு அல்ல. 1959 ஜூனிலிருந்து உள்நாட்டு ஆட்சி உள்ளூர்க்காரர்கள் கையில். பாதுகாப்பும் வெளியுறவும் பிரிட்டன் கையில். உள்நாட்டுப் பாதுகாப்புக்கென்று ஒரு மன்றம் இருந்தது. அதில் பிரிட்டனுக்கு மூன்று பேர், சிங்கப்பூருக்கு மூன்று பேர், மலாயாவுக்கு ஒருவர். இரு தரப்பும் மோதினால் அந்த ஒருவரின் வாக்குதான் முடிவு செய்யும். மக்கள்தொகை 17 லட்சம் அளவில். வேலையில்லாதவர்கள் ஏராளம். 51 இடங்களில் 43-ஐ வென்று மக்கள் செயல் கட்சி (மசெக) ஆட்சிக்கு வந்திருந்தது. எண்ணிக்கையைப் பார்த்தால் அசைக்க முடியாத ஆட்சி. ஆனால் கட்சிக்குள் இரண்டு கட்சிகள் இருந்தன. பிரதமர் லீ குவான் இயூவும் அவரோடு ஆங்கிலக் கல்வி பெற்றவர்களும் ஒரு பக்கம். லிம் சின் சியோங் தலைமையில் சீனப் பள்ளிகளும் தொழிற்சங்கங்களும் சேர்ந்த இடதுசாரிகள் மறுபக்கம். ஆட்கள் இருந்தது இரண்டாவது பக்கத்தில்.

முதல் விரிசல் இந்த இரண்டிலும் சேராத ஒருவரால் வந்தது. முன்னாள் மேயர் ஓங் எங் குவான், கட்சியோடு சண்டை போட்டு வெளியேற்றப்பட்டு, தன் ஹாங் லிம் தொகுதியையும் ராஜினாமா செய்து, ஏப்ரல் 29 இடைத்தேர்தலில் மறுபடி நின்றார். அவருக்கு 7,747 வாக்குகள், ஆளுங்கட்சி வேட்பாளருக்கு 2,820. ஆட்சிக்கு வந்து இரண்டு ஆண்டுகூட ஆகவில்லை.

அடுத்து மே மாதத்தில் வந்த நான்கு நாட்கள். எனக்குத் தெரிந்து இந்த ஊர் வரலாற்றில் இவ்வளவு நெருக்கி அடைத்த நான்கு நாட்கள் குறைவு. மே 24 அன்று மாதர் சாசனம் சட்டமன்றத்தில் நிறைவேறியது. அதுவரை சீன வழக்கப்படியோ இந்து வழக்கப்படியோ ஓர் ஆண் ஒன்றுக்கு மேல் மணந்துகொள்ளத் தடை இல்லை. இரண்டாம் தாரம், மூன்றாம் தாரம் எல்லாம் சட்டத்தின் கண்ணில் குற்றமல்ல. சிங்கப்பூர் மாதர் மன்றமும் அதன் முகமாக இருந்த ஷிரின் ஃபோஸ்டாரும் 1952 முதல் இதற்காக மல்லுக்கட்டினார்கள். கட்சிக்குள் சான் சோய் சியோங் விடாப்பிடியாக நின்றார். “ஒரு கணவனுக்கு ஒரு மனைவி” என்பது 1959 தேர்தல் வாக்குறுதியாகவே வந்துவிட்டது. முஸ்லிம்களுக்கு 1957-லேயே தனிச் சட்டம் இருந்ததால் அவர்களுக்கு இந்தப் பகுதி பொருந்தவில்லை. மற்ற எல்லோருக்கும் செப்டம்பர் 15 முதல் ஒருதார மணம்தான். இங்குள்ள தமிழ் இந்துக் குடும்பங்களை 1961-இல் நேரடியாக வந்து தொட்ட சட்டம் இது என்று தயங்காமல் சொல்வேன். கோவிலில் தாலி கட்டினால் மட்டும் போதாது, பதிவேட்டிலும் ஏற வேண்டும் என்ற நிலை இதிலிருந்து வந்ததுதான்.

மறுநாள், மே 25. ஹஜ்ஜுப் பெருநாள், பொது விடுமுறை. பிற்பகல் மூன்று மணிவாக்கில் தியோங் பாரு கம்பத்துப் (கிராமத்துப்) பக்கம் தீப்பிடித்தது. அத்தாப்பு ஓலைக் கூரை, பலகைச் சுவர், வீட்டுக்கு வீடு ஒட்டிய சந்துகள், கூடவே காற்று. புக்கிட் ஹோ சுவீ முழுவதையும் தீ தின்றது. நான்கு பேர் இறந்தார்கள். 2,000-க்கும் மேற்பட்ட வீடுகள் போயின. ஏறக்குறைய 16,000 பேர் ஒரே பிற்பகலில் வீடிழந்தார்கள். அந்த இரவு அவர்கள் தங்கியது பக்கத்துப் பள்ளிக்கூடங்களில். அதற்குமுன் 1959 பிப்ரவரியில் அதே வட்டாரத்தில் ஒரு பெருந்தீ.  இந்த முறை எரிந்த இடத்தில் மறுபடி அத்தாப்புக் கூரைகள் முளைக்கவில்லை. அரசு நிலத்தைக் கையகப்படுத்தியது. தீயில் எரிந்த நிலத்துக்கு, காலி நிலமாக அது பெறும் விலையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இழப்பீடு கிடையாது என்று சட்டத்தையும் திருத்தியது. குடிசைகள் நின்றதால் குறைந்திருந்த விலை, தீ வந்து குடிசைகளைத் துடைத்துவிட்டதால் ஏறி, அந்த லாபம் நிலச் சொந்தக்காரருக்குப் போகக்கூடாது என்பது அரசின் வாதம். வாதத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்தக் கதவு ஒருமுறை திறந்த பிறகு மூடவே இல்லை. 1966-இன் நில எடுப்புச் சட்டம் வரை அது நேராகப் போகிறது. இன்று நீங்கள் குடியிருக்கும், அரசு கட்டிய வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டின் அடியில் உள்ள நிலத்துக்கு அந்த வழியில் ஒரு கதை இருக்கலாம்.

வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் பிறந்து அப்போது ஒன்றேகால் ஆண்டுதான். லிம் கிம் சான் அதன் தலைவர். அதற்கு முன்பிருந்த காலனியாட்சிக் கால நிறுவனம் 32 ஆண்டுகளில் கட்டியது 23,000 வீடுகள் சுற்றி. கழகம் முதல் ஐந்தாண்டுகளில் கட்டியது 50,000-க்கு மேல். புக்கிட் ஹோ சுவீ அதற்கு முதல் பெரிய பரீட்சை. அவசர ஓரறை வீடுகளை அடுக்கடுக்காக எழுப்பி, தீயில் வீடிழந்தவர்களை ஓராண்டுக்குள் கூரைக்குக் கீழே கொண்டுவந்துவிட்டார்கள். அழகான வீடுகள் அல்ல. ஓரறை வீட்டின் வாடகை மாதம் 20 வெள்ளி (டாலர்). ஆனால் அதுவரை அரசுக்குத் தெரியாமல், முகவரி இல்லாமல், இரகசியச் சங்கங்களின் (குண்டர் கும்பல்களின்) தயவில் வாழ்ந்த மக்கள் அப்போதுதான் கதவு எண்ணும் வாடகைச் சீட்டும் உள்ள குடிமக்கள் ஆனார்கள்.

தீயை அரசே வைத்தது என்ற பேச்சு அன்றைக்கே கிளம்பிவிட்டது, இன்றுவரை ஓயவில்லை. இதில் எது உறுதி, எது ஐயம் என்று பிரித்துச் சொல்கிறேன். அந்தத் தீ அரசுக்கு வசதியாக முடிந்தது என்பது உறுதி. அரசு வைத்தது என்பதற்கு ஆதாரம் எதுவும் வெளிவரவில்லை. அங்கே குடியிருந்தவர்களிடம் பிற்காலத்தில் எடுத்த வாய்மொழிப் பதிவுகளில் இந்த வதந்தி திரும்பத் திரும்ப வருகிறது. அதை நான் தீயின் காரணத்துக்குச் சாட்சியாகப் படிப்பதில்லை. அரசை அந்த மக்கள் எவ்வளவு நம்பினார்கள் என்பதற்குச் சாட்சியாகப் படிக்கிறேன்.

சாம்பல் சூடு ஆறுவதற்குள் மே 27. மலாயாப் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான், அடெல்ஃபி ஹோட்டலில் வெளிநாட்டுச் செய்தியாளர்களின் மதிய விருந்தில் பேசினார். மலாயா, சிங்கப்பூர், வட போர்னியோ, புருணை, சரவாக் எல்லாம் அரசியலிலும் பொருளியலிலும் நெருங்கி வருவதைப் பற்றி யோசிக்க வேண்டும் என்றார். அதுவரை அவர் சிங்கப்பூரை ஏற்க மறுத்துவந்தவர். சேர்த்தால் மலாயாவில் சீனர் எண்ணிக்கை மலாய்க்காரரை எட்டிவிடும் என்பது அவர் கவலை. ஏன் மனம் மாறினார்? ஹாங் லிம் தோல்வியைப் பார்த்து, லீ விழுந்தால் பக்கத்தில் ஒரு கம்யூனிஸ்ட் தீவு வந்துவிடும் என்று பயந்தார் என்பது வழக்கமாகச் சொல்லும் விளக்கம். பயம் உண்மைதான். ஆனால் போர்னியோவையும் சேர்த்த பெரிய கூட்டாட்சி என்ற யோசனை பிரிட்டிஷ் அதிகாரிகளிடம் அதற்கு முன்பே இருந்தது என்பதும் ஆவணங்களில் தெரிகிறது. பயம் எவ்வளவு, லண்டனின் உந்துதல் எவ்வளவு என்பதில் ஆய்வாளர்கள் ஒத்துப்போவதில்லை. எனக்குப் படுவது, யோசனை பழையது, அவசரம்தான் புதியது.

இணைப்பு என்றால் உள்நாட்டுப் பாதுகாப்பு கோலாலம்பூர் கைக்குப் போகும். இடதுசாரிகளுக்கு அதன் பொருள் சிறை. பல தலைவர்கள் 1959-இல்தான் சிறையிலிருந்து வந்தவர்கள். ஜூலை 15 ஆன்சன் இடைத்தேர்தலில் அவர்கள் ஆளுங்கட்சிக்கு ஆதரவு தராமல் ஒதுங்க, பாட்டாளிக் கட்சியின் டேவிட் மார்ஷல் 546 வாக்குகளில் வென்றார். மூன்று நாள் கழித்து லிம் சின் சியோங், ஃபோங் சுவீ சுவான், சந்திரசேகரன் உட்ஹல், ஜேம்ஸ் புதுச்சேரி நால்வரும் நாசிம் ரோட்டில் உள்ள ஈடன் ஹாலுக்குப் போய்ப் பிரிட்டிஷ் ஆணையர் செல்கிர்க் பிரபுவைச் சந்தித்தார்கள். லீ வாக்கெடுப்பில் தோற்றால் அரசியல் சட்டத்தை நிறுத்தி வைப்பீர்களா என்பதுதான் கேள்வி. சட்டப்படி நடப்போம் என்ற மாதிரி அவர் பதில் சொன்னார். லீ இதை, பிரிட்டிஷார் கம்யூனிஸ்டுகளுக்குத் தேநீர் கொடுத்து வளர்க்கிறார்கள் என்று மேடை மேடையாகச் சொன்னார். “ஈடன் ஹால் தேநீர் விருந்து” என்று பெயரே நிலைத்துவிட்டது. அரசியல் சாமர்த்தியத்துக்கு நல்ல பாடம்.

ஜூலை 20 அன்று பிரதமரே தன் அரசின்மீது நம்பிக்கைத் தீர்மானம் கொண்டுவந்தார். விவாதம் விடிய விடிய நடந்தது. ஒவ்வொரு வாக்காக எண்ணவேண்டிய நிலை. சிக்லாப் உறுப்பினர் சஹோரா பிந்தி அஹ்மத் மருத்துவமனையில் படுத்திருந்தார். அவர் எந்தப் பக்கம் என்பதே தெளிவில்லை. கட்சியின் சான் சீ செங் போய்ப் பேசி, ஆம்புலன்ஸில் ஏற்றி அவரை மன்றத்துக்கு அழைத்துவந்தார். 21-ஆம் தேதி அதிகாலையில் வாக்கெடுப்பு: ஆதரவு 27, எதிர்ப்பு 8, வாக்களிக்காமல் ஒதுங்கியவர்கள் 16. ஒதுங்கியவர்களில் 13 பேர் ஆளுங்கட்சிக்காரர்கள். அவர்களைக் கட்சி வெளியேற்றியது. 43 இடங்களோடு வந்த கட்சியிடம் மிஞ்சியது 51-இல் 26. அந்த நோயாளி வராமல் இருந்தால் அந்தத் தீர்மானம் தோற்றிருக்காது, ஒதுங்கியவர்கள் எதிர்த்தவர்கள் அல்லவே. ஆனால் அவர் மறுபக்கம் போயிருந்தால் 51-இல் 25. பெரும்பான்மை இல்லாத கட்சியாக விடிந்திருக்கும். இந்த வேறுபாட்டைப் பலரும் குழப்பி எழுதுகிறார்கள், அதனால் சொல்கிறேன்.

வெளியேறியவர்கள் ஆகஸ்டில் பாரிசான் சோசியலிஸ் கட்சியைத் தொடங்கினார்கள். மசெகவின் 51 கிளைக் குழுக்களில் 35 அவர்களோடு போயின. சம்பளம் வாங்கிய அமைப்புச் செயலாளர்கள் 23 பேரில் 19 பேர் போனார்கள். தொழிற்சங்கமும் இரண்டாகப் பிளந்தது. இடதுசாரிச் சங்கங்கள் எஸ். டி. பாணியின் தலைமையில் ஒரு கூட்டமைப்பானது. தேவன் நாயர் பக்கம் நின்றது தேசிய தொழிற்சங்க காங்கிரஸ் ஆனது. இன்று நீங்கள் காய்கறி வாங்கும் ஃபேர்பிரைஸ் கடைக்குப் பின்னால் இருப்பது அந்த காங்கிரஸ்தான். தேவன் நாயரும் உட்ஹலும் புதுச்சேரியும் லிம்மும் ஒன்றாகச் சிறையில் கிடந்தவர்கள். 1959-இல் ஒரே நாளில் விடுதலையானவர்கள். இரண்டே ஆண்டில் எதிரெதிர்ப் பக்கம்.

ஆட்களை இழந்த லீ வானொலியைப் பிடித்துக்கொண்டார். செப்டம்பர் 13 முதல் அக்டோபர் 9 வரை 12 உரைகள், ஒவ்வொன்றும் ஆங்கிலம், மாண்டரின், மலாய் மூன்றிலும் அவரே பேசிப் பதிவு செய்தது. ஒருமுறை கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஆளைக் காணோமே என்று நிலையத்தார் பதறிப் பார்த்தால், பதிவுக்கும் பதிவுக்கும் நடுவில் ஒலிக்கூடத்துத் தரையில் படுத்துக் களைப்பாறிக்கொண்டிருந்தாராம். உரைகளின் சாரம், கம்யூனிஸ்டுகள் எப்படி மறைவில் இயங்குகிறார்கள், எனக்கும் அவர்களுக்கும் என்ன தொடர்பு இருந்தது என்பது. துப்பறியும் கதை மாதிரி ஆட்களுக்குப் புனைபெயர் வைத்துச் சொன்னார். ஊர் கேட்டது.

லிம் சின் சியோங் உண்மையிலேயே கம்யூனிஸ்ட்டா? நான் வகுப்பில் அதிகம் எதிர்கொண்ட கேள்வி. கம்யூனிஸ்ட் அமைப்புகளோடு அவருக்குத் தொடர்பு இருந்தது என்பதில் பெரும்பாலோர் ஒத்துப்போகிறார்கள். கட்சி உறுப்பினரா, 1961-இல் கட்சியின் உத்தரவுப்படி நடந்தாரா என்பதில் கடும் சண்டை. அவர் கடைசிவரை மறுத்தார். பிற்பாடு திறந்த பிரிட்டிஷ் கோப்புகளில், செல்கிர்க்கே ஆதாரம் போதாது என்று தயங்கியது தெரிகிறது. அதே கோப்புகளை வைத்து எதிர்த்தரப்பும் வாதாடுகிறது. ஒன்று மட்டும் மறுக்க முடியாதது. 1963 பிப்ரவரி 2 அன்று நடந்த கைது நடவடிக்கையில் அவரும் நூற்றுக்கு மேற்பட்டோரும் விசாரணையில்லாமல் உள்ளே போனார்கள்.

சரி, பிழைத்த கதைக்கு வருவோம். அரசியல் இப்படிக் கொதித்துக்கொண்டிருந்தபோதே, சத்தமில்லாமல் நான்கு வேலைகள் நடந்தன. ஐநா அனுப்பிய டச்சுக்காரர் ஆல்பர்ட் வின்செமியஸ் தலைமையிலான குழு ஜூனில் தொழில்மயமாக்கல் அறிக்கையைத் தந்தது. ஆகஸ்ட் 1 அன்று பொருளியல் வளர்ச்சிக் கழகம் பிறந்தது. கையில் 10 கோடி வெள்ளி, தலைவர் ஹோன் சுய் சென், பின்னால் நிதியமைச்சர் கோ கெங் சுவீ. ஜூரோங் சதுப்பு நிலத்தை நிரப்பித் தொழிற்பேட்டை ஆக்கும் வேலை தொடங்கியது. வருடக்கணக்கில் ஆலைகள் வராமல் மனைகள் காலியாகக் கிடந்ததால் அதை “கோவின் பைத்தியக்காரத்தனம்” என்று கிண்டலடித்தார்கள். வின்செமியஸ் போட்ட கணக்கு மலாயாவோடு பொதுச் சந்தை உண்டு என்பது. அந்தச் சந்தை வரவே இல்லை. ஆனால் கழகமும் நிலமும் ஆட்களும் 1965-இல் தயாராக இருந்தார்கள். விற்கும் ஊரை மட்டும் மாற்றினார்கள், கோலாலம்பூருக்குப் பதில் அமெரிக்காவும் ஐரோப்பாவும்.

நான்காவது, தண்ணீர். 1961 செப்டம்பர் 1 அன்று ஜொகூர் அரசோடு தெப்ராவ், ஸ்கூடாய் ஆறுகளுக்கான ஒப்பந்தம். நாளொன்றுக்கு 8 கோடியே 60 லட்சம் கேலன் வரை, ஆயிரம் கேலனுக்கு 3 சென் (காசு), 50 ஆண்டுகளுக்கு. மறு ஆண்டு ஜொகூர் ஆற்றுக்கு இன்னொரு ஒப்பந்தம். அது 2061 வரை. நீங்கள் செய்தியில் அடிக்கடி பார்க்கும் சண்டை அந்த இரண்டாவதைப் பற்றியது. 1965 ஆகஸ்டில் பிரிவினை ஒப்பந்தம் எழுதியபோது இந்த இரண்டையும் மலேசியா மதிக்கும் என்ற உறுதி அதிலேயே சேர்ந்தது. ஒரே நாடாகப் போகிறவர்கள் இவ்வளவு கவனமாகத் தாளில் எழுதிக்கொண்டது எதற்கு என்று நான் யோசித்ததுண்டு. முன்யோசனை என்று புகழ்வதற்கு முன், கையெழுத்திட்டது பழைய நகர மன்றம் என்பதையும் 1927 முதலே ஜொகூரோடு இப்படி ஒப்பந்தம் போடுவது வழக்கம் என்பதையும் பார்க்க வேண்டும். அது வழக்கமான நிர்வாக வேலை. பின்னால்தான் உயிர்நாடியானது. 2011-இல் முதல் ஒப்பந்தம் முடிந்தபோது ஸ்கூடாய், குனோங் பூலாய் நீர் ஆலைகளைச் சிங்கப்பூர் இலவசமாகவே ஒப்படைத்துவிட்டு வந்தது.

நவம்பரில் வந்த வெள்ளை அறிக்கையையும் படியுங்கள், சுருக்கமானதுதான். கல்வியும் தொழிலாளர் விவகாரமும் சிங்கப்பூரிடமே இருக்கும், பதிலுக்குக் கூட்டாட்சி நாடாளுமன்றத்தில் 15 இடங்கள் மட்டும். மக்கள்தொகைக்கு அது குறைவு. மலேசியாவுக்குள் நடந்த தகராறுகளில் பாதி இந்த ஒரு பேரத்திலேயே விதைத்தாயிற்று.

என் தேர்வில் ஓட்டை இல்லாமல் இல்லை. 1961-ஐ மட்டும் படித்தால் பிரிவினைக்கான இனவாதப் பக்கம் உங்களுக்குப் புரியாது. அந்த ஆண்டின் சண்டை இடதா வலதா என்பது. மலாய்க்காரரா சீனரா என்று அது மாறியது பிறகு. அதற்கு 1964 ஜூலைக் கலவரத்தைத் தனியாகப் படிக்க வேண்டும். ராணுவம் எப்படி வந்தது, பிரிட்டிஷ் தளங்கள் மூடும் அறிவிப்பு வந்தபோது எப்படிச் சமாளித்தார்கள் என்பதற்கு 1968 பக்கம் போக வேண்டும். நேரம் உண்மையிலேயே குறைவு என்றால் மே 24 முதல் ஜூலை 21 வரையிலான நாளிதழ்களை மட்டும் தேசிய நூலகத்தின் இணையத் தொகுப்பில் புரட்டுங்கள். இலவசம்தான். விளம்பரங்களையும் விடாதீர்கள். அரிசி என்ன விலை, குளிர்சாதனப் பெட்டிக்கு மாதத் தவணை எவ்வளவு என்பதெல்லாம் அதில்தான் இருக்கிறது.